எங்க ரத்தமும் அவுங்க படிவமும்

‘சோதனை’ என்கிற சொல்லுக்கு எங்க தெருவுல முதல் அர்த்தம் போலீஸ். சாராயச் சோதனை, வீட்டுச் சோதனை, ராத்திரி பஸ்ஸை நிறுத்திப் பையைக் கொட்டிப் பார்க்கிற சோதனை. ரெண்டாவது அர்த்தம் சாமி. ‘ஆண்டவன் நம்மளச் சோதிக்கிறான்’ என்பார்கள் கிழவிகள். ரத்தச் சோதனை, சளிச் சோதனை என்பதெல்லாம் கடைசியாக வந்து சேர்ந்தவை. காக்கிச் சட்டையோ வெள்ளைக் கோட்டோ, ‘சோதனை’ என்று சொல்லிக்கொண்டு யார் தெருவுக்குள் வந்தாலும் எங்க சனம் கதவைச் சாத்துகிறது என்றால் அதற்குக் காரணம் இருக்கிறது. சுகாதாரத் துறையின் அறிக்கைகள் அந்தக் காரணத்தைத் தேடுவதில்லை. ‘விழிப்புணர்வு இல்லாத மக்கள்’ என்று ஒரே வரியில் எழுதி முடித்துக்கொள்கின்றன. எம்.ஏ. தமிழ் படித்தவன் என்ற முறையில் அந்த ஒரு வரிக்குத்தான் இங்கே உரை எழுதப் போகிறேன்.

நோய் முற்றுவதற்கு முன்னால் கண்டுபிடிப்பது நல்லது. இதில் எனக்கு யாரோடும் சண்டையில்லை. யாரை, எதற்காக, என்ன கேள்வி கேட்டுச் சோதிப்பது என்று முடிவு பண்ணுகிற தாளோடுதான் சண்டை. வழிகாட்டு நெறிமுறை என்று அதற்குப் பேர். எச்.ஐ.வி. விஷயத்தில் அந்த நெறிமுறைக்குள் எப்போதும் ஒரு பட்டியல் இருக்கும். பாலியல் தொழிலாளர்கள், ஆணோடு உறவு கொள்ளும் ஆண்கள், திருநங்கைகள், ஊசி மூலம் போதை மருந்து ஏற்றிக்கொள்கிறவர்கள், லாரி ஓட்டுநர்கள், பிழைக்க ஊர் விட்டு ஊர் போகிறவர்கள். இந்தப் பட்டியலில் இருந்தவர்கள் அமைப்பாகத் திரண்டு, ஒருவர் கையை ஒருவர் பிடித்துக்கொண்டு வேலை செய்ததால்தான் தமிழ்நாட்டில் தொற்று குறைந்தது. அதற்கான பெருமை அவர்களுக்கே சேரும். அவர்களைப் பட்டியலிலிருந்து எடு என்று நான் கேட்கவில்லை. வைரஸ் ரத்தத்தின் வழியாகவும் வருகிறது என்று அதே தாள்தானே சொல்கிறது? அப்படியானால் விடிந்ததும் குப்பைக்குள் கையை விட்டு அடுத்தவன் ரத்தம் தோய்ந்த பஞ்சையும் ஊசியையும் பொறுக்குகிறவர் எந்தக் கட்டத்தில் வருகிறார்? ராத்திரி யாரோடு படுத்தாய் என்று துருவித் துருவிக் கேட்கிற படிவம், பகலில் எதைத் தொட்டாய் என்று ஏன் கேட்க மாட்டேன் என்கிறது? தொழில் என்றொரு கட்டம் இருக்கத்தான் செய்கிறது. அதில் ‘கூலி’ என்று எழுதி மூடிவிடுகிறார்கள்.

இது மறதியால் விடுபட்ட கட்டம் இல்லை. பின்னால் இருக்கிற கதையைச் சொல்லியாக வேண்டும்.

இந்தியாவில் எச்.ஐ.வி. முதன்முதலாகக் கண்டறியப்பட்டது 1986இல், சென்னையில். சென்னை மருத்துவக் கல்லூரியின் நுண்ணுயிரியல் பேராசிரியர் சுனிதி சாலமனும் அவருடைய மாணவி செல்லப்பன் நிர்மலாவும் கண்டறிந்தார்கள். சென்னையில் அந்தச் சோதனைக்கு வசதியில்லை. நிர்மலா ரத்த மாதிரிகளை ஐஸ்பெட்டியில் வைத்து ரயிலேறி வேலூருக்குக் கொண்டு போனார். அந்த இரண்டு பெண்களின் துணிச்சலையும் உழைப்பையும் நான் மதிக்கிறேன். சுனிதி சாலமன் பிற்பாடு தொற்றுள்ளவர்களுக்காகவே வாழ்நாளைக் கொடுத்தவர். ஆனால் ஐஸ்பெட்டிக்குள் இருந்த ரத்தம் யாருடையது? விபச்சாரத் தடைச் சட்டத்தில் பிடித்துக் காப்பகத்தில் அடைத்து வைத்திருந்த பெண்களுடையது. எதைத் தேடி ரத்தம் எடுக்கிறார்கள் என்று அந்தப் பெண்களுக்குச் சொல்லப்படவில்லை. நிர்மலாவே இதைப் பின்னாளில் பேட்டியில் சொல்லியிருக்கிறார். வழக்கமான பால்வினை நோய்ச் சோதனை என்றுதான் அவர்கள் நினைத்துக் கையை நீட்டியிருக்கிறார்கள். 6 பேருக்குத் தொற்று இருந்தது. சட்டமன்றத்தில் அமைச்சர் அறிவித்தார், பத்திரிகைகள் எழுதின, இந்திய மருத்துவ வரலாற்றில் அந்த நாள் ஏறிக்கொண்டது. ரத்தம் கொடுத்தவர்களுக்கு என்ன ஆயிற்று? தொற்று இருப்பதாகத் தெரிந்த பெண்களைத் தண்டனைக் காலம் முடிந்த பிறகும் வெளியே விடவில்லை. பத்திரிகையாளர் ஷியாமளா நடராஜ் உயர்நீதிமன்றத்தில் வழக்குப் போட்ட பிறகுதான் 1990இல் விடுதலை வந்தது. அதே 1990இல் பம்பாயின் சிவப்பு விளக்குப் பகுதியிலிருந்து நூற்றுக்கணக்கான தமிழ்ப் பெண்களை ‘மீட்டு’ ரயிலில் ஏற்றிக் கொண்டு வந்தார்கள். வந்தவர்களை ஒரு வார்த்தை கேட்காமல் ரத்தம் எடுத்தார்கள். மீட்பு என்ற சொல்லுக்கு அன்றைக்கு என்ன அர்த்தம் இருந்தது என்பதை அந்தப் பெண்களைக் கேட்டுத்தான் எழுத வேண்டும். யாரும் கேட்டு எழுதவில்லை.

ஆண்களையும் விடவில்லை. 1989இல் கோவாவில் டொமினிக் டிசோசா என்கிற இளைஞர் ரத்ததானம் செய்தார். தொற்று இருப்பது தெரிந்ததும் போலீஸ் வந்து அழைத்துப் போய், காலியாகக் கிடந்த காசநோய் விடுதியில் 64 நாள் அடைத்து வைத்தது. தானம் கொடுத்தவனுக்குக் கிடைத்த மரியாதை.

இதெல்லாம் பழைய கதை, இப்போது சட்டம் வந்துவிட்டது என்பார்கள். வந்தது. 2017இல் நிறைவேறி 2018 செப்டம்பர் 10 முதல் நடைமுறைக்கு வந்த எச்.ஐ.வி. எய்ட்ஸ் தடுப்பு மற்றும் கட்டுப்பாட்டுச் சட்டம் நல்ல சட்டம். சம்மதம் இல்லாமல் சோதிக்கக் கூடாது, முடிவை வெளியே சொல்லக் கூடாது, வேலையிலிருந்து நீக்கக் கூடாது என்கிறது. அது நடைமுறைக்கு வந்து மூன்று மாதத்தில் சாத்தூர் நடந்தது. 2018 டிசம்பரில் அங்கே அரசு மருத்துவமனையில் ஒரு கர்ப்பிணிப் பெண்ணுக்கு எச்.ஐ.வி. தொற்றுள்ள ரத்தத்தை ஏற்றினார்கள். ரத்தம் கொடுத்த பையனுக்குப் பத்தொன்பது வயசு. அவன் 2016லேயே ஒருமுறை ரத்தம் கொடுத்திருந்தான். அப்போதே தொற்று இருப்பது தெரிந்திருந்தது என்று பிற்பாடு செய்தி வந்தது. அவனிடம் மட்டும் சொல்லவில்லை. வெளிநாட்டு வேலைக்குப் போவதற்கான மருத்துவச் சோதனையில்தான் அவனுக்கே தெரிய வந்தது. தெரிந்ததும் ஆஸ்பத்திரிக்குத் தகவல் சொன்னவனும் அவன்தான். அந்த மாதம் முடிவதற்குள் விஷம் குடித்துச் செத்துப் போனான். அரசின் நோட்டில் இரண்டு வருசம் பத்திரமாகக் கிடந்த முடிவு, அந்த ரத்தத்துக்குச் சொந்தக்காரனிடம் வரவில்லை.

வளைகுடா நாடுகளுக்குப் போகிற நம்ம பையன்கள் எல்லாருக்கும் இந்தச் சோதனையைத் தெரியும். ‘ஃபிட்’, ‘அன்ஃபிட்’ என்று இரண்டு முத்திரை. அன்ஃபிட் என்றால் பாஸ்போர்ட்டைத் திருப்பிக் கொடுத்து அனுப்பி விடுவார்கள். மேற்கொண்டு எங்கே போய் வைத்தியம் பார்ப்பது என்று சொல்வது அவர்கள் வேலை இல்லை. சந்தையில் மாட்டுக்குப் பல் பிடித்துப் பார்க்கிற மாதிரிதான்.

சோதித்துக் கெடுத்ததைச் சொன்னேன். சோதிக்காமல் விட்டதையும் சொல்ல வேண்டும். திண்டுக்கல் மாவட்டத்துக் கிராமங்களில் 2000ஆம் ஆண்டு தொடங்கி கருப்பை வாய்ப் புற்றுநோய் பற்றி ஓர் ஆய்வு நடந்தது. வினிகர்க் கரைசலைத் தடவி, வெள்ளையாக மாறுகிறதா என்று கண்ணால் பார்க்கிற எளிய சோதனை. சுமார் 49,000 பெண்களைச் சோதிக்கிற பிரிவில் வைத்தார்கள். சுமார் 31,000 பெண்களை ஒப்பிட்டுப் பார்ப்பதற்காகச் சோதனையில்லாத பிரிவில் வைத்தார்கள். 2007இல் ‘லான்செட்’ மருத்துவ இதழில் முடிவு வந்தது: சோதித்த பிரிவில் சாவு 35 சதவீதம் குறைவு. உலகம் பாராட்டியது. மறுபக்கத்திலிருந்து படித்துப் பாருங்கள். அந்த 35 சதவீதத்தைக் காட்டுவதற்கு இன்னொரு பக்கத்தில் பெண்கள் வழக்கம் போலச் சாக வேண்டியிருந்தது. மும்பை, உஸ்மானாபாத், திண்டுக்கல் மூன்று இடத்து ஆய்வுகளையும் சேர்த்துச் சோதனையில்லாத பிரிவுகளில் 1,38,624 பெண்கள் இருந்தார்கள், அவர்களில் குறைந்தது 254 பேர் கருப்பை வாய்ப் புற்றுநோயால் இறந்தார்கள் என்று அமெரிக்க மருத்துவர் எரிக் சூபா 2014இல் எழுதினார். புற்றுநோயை முன்கூட்டியே கண்டறியும் பாப் ஸ்மியர் சோதனை பல பத்தாண்டுகளாக உலகத்துக்குத் தெரிந்த ஒன்று. ஆய்வு செய்தவர்கள் சொன்ன பதில் என்ன? ‘இந்தியக் கிராமங்களில் இந்தச் சோதனை எப்படியும் கிடைப்பதில்லை. கிடைக்காததே அங்கே வழக்கமான சிகிச்சை. வழக்கத்தை நாங்கள் மாற்றவில்லை.’ இந்த வாதத்தை எங்கேயோ கேட்ட மாதிரி இருக்கிறதா? டீக்கடையில் தனிக் கிளாஸ் வைத்தவனும் இதைத்தான் சொன்னான். வழக்கம்தானேப்பா.

சரி, அப்படியானால் கதவைச் சாத்திக்கொண்டு உள்ளேயே இருந்து விடலாமா? இந்த இடத்தில்தான் நான் நம்ம ஆட்களோடும் சண்டை போட வேண்டியிருக்கிறது. அதற்கு முன்னால் ஒரு பெரியம்மாவின் கதை.

எங்க தெருப் பெரியம்மா ஒரு நகராட்சியில் ஒப்பந்தத் தூய்மைப் பணியாளர். (2020இல் அரசு ‘துப்புரவு’ என்பதை எடுத்துவிட்டுத் ‘தூய்மை’ என்று பேர் மாற்றியது. சம்பளச் சீட்டில் இன்னும் பழைய பேர்தான் வருகிறது என்று பெரியம்மா சிரிக்கும்.) நடந்ததை அது சொன்ன மாதிரியே எழுதுகிறேன்.

“வெள்ளக் கவருல கெடந்துச்சுய்யா. பழைய சோறு, பிள்ளைத் துணி, அதுக்குள்ள இது. கைய விட்டேன், சுருக்குன்னுச்சு. கிளவுஸ் போட்டுத்தான் இருந்தேன். போட்டிருந்து என்ன, துணிக் கிளவுஸு. ஊசி கேக்குமா? மேஸ்திரிகிட்ட கையக் காட்டுனேன். ‘தண்ணிய ஊத்திக் கழுவு, இன்னும் மூணு தெரு கெடக்கு’ன்னான். கழுவிட்டு, சுண்ணாம்பு வச்சு, துணியச் சுத்திக்கிட்டு மூணு தெருவையும் முடிச்சேன். இது என்ன முத தடவையா?”

நாலாம் நாள் பேச்சுவாக்கில் சொன்னது. அரசு ஆஸ்பத்திரிக்குக் கூட்டிப் போனேன். அங்கே ஆலோசனை சொல்கிற பெண் கெட்டவர் இல்லை, உட்காரச் சொல்லிப் பேசினார். ஆனால் அவர் கையில் இருந்த கேள்விகள் அவருடையவை இல்லையே. “உங்க வீட்டுக்காரருக்கு வேற யாரோடயும் தொடர்பு உண்டாம்மா?” என்று கேட்டார். “அவரு செத்துப் பதினாறு வருசமாச்சு தாயி” என்றது பெரியம்மா. “அப்ப உங்களுக்கு…” என்று இழுத்தார். பெரியம்மா என்னைப் பார்த்தது. எனக்கு எங்கே பார்ப்பதென்று தெரியவில்லை. ஊசி குத்தியது என்று நான்தான் சொன்னேன். அதற்குக் கொடுக்கிற மாத்திரையைப் பற்றிக் கேட்டேன். “அது ஸ்டாஃபுக்குங்க. டாக்டர், நர்ஸுக்கு. நீங்க வந்ததும் லேட்டு” என்றார்கள். அந்த மாத்திரையை 72 மணி நேரத்துக்குள் தொடங்க வேண்டும், முடிந்தால் முதல் சில மணி நேரத்துக்குள். 28 நாள் சாப்பிட வேண்டும். இந்த விவரத்தைப் பெரியம்மாவுக்கும் மேஸ்திரிக்கும் யாரும் சொன்னதில்லை. சொல்லியிருந்தாலும், மூணு தெரு பாக்கி இருக்கும்போது ஆஸ்பத்திரிக்குப் போனால் அன்றைய கூலி போச்சு. மூன்று மாதம் கழித்து மறுபடி சோதித்து, எச்.ஐ.வி. இல்லை என்று தாள் கொடுத்தார்கள். ஹெபடைடிஸ் பி பற்றி ஒருத்தர்கூட வாயைத் திறக்கவில்லை.

அங்கேதான் எனக்குக் கோபம் தலைக்கேறியது. தொற்றுள்ளவருடைய ஊசி குத்தினால், மருத்துவப் பணியாளர்களிடையே பார்த்த கணக்குப்படி, எச்.ஐ.வி. வருகிற வாய்ப்பு ஏறக்குறைய 300 குத்துக்கு ஒன்று. குப்பையில் காய்ந்து கிடந்த ஊசி என்றால் அதைவிடவும் ரொம்பக் குறைவு. தடுப்பூசி போடாதவருக்கு ஹெபடைடிஸ் பி வருகிற வாய்ப்பு 100 குத்துக்கு 6 முதல் 30 வரை. எச்.ஐ.வி. கிருமி உடம்புக்கு வெளியே சீக்கிரம் வலுவிழந்து விடும். ஹெபடைடிஸ் பி கிருமி காய்ந்த ரத்தத்தில்கூட ஏழு நாள் உயிரோடு இருக்கும். கல்லீரலைச் சுருக்கும், புற்றுநோயாக்கும், பல வருசம் வெளியே தெரியாது. ‘குடிச்சுக் குடிச்சு ஈரல் போச்சு’ என்று சொல்லிப் புதைத்தவர்களில் எத்தனை பேருக்கு இந்தக் கிருமி இருந்தது? யார் சோதித்தார்கள்? அரசின் கல்லீரல் அழற்சித் திட்டமே நாட்டில் சுமார் 4 கோடிப் பேருக்கு ஹெபடைடிஸ் பி நாள்பட்ட தொற்றாக இருக்கிறது என்று எழுதி வைத்திருக்கிறது. எச்.ஐ.வி.யோடு வாழ்கிறவர்கள் சுமார் 25 லட்சம். இரண்டில் எதற்குத் தடுப்பூசி இருக்கிறது? ஹெபடைடிஸ் பி-க்கு. மூன்று ஊசி, ஆறு மாதம், முடிந்தது வேலை. குழந்தைகளுக்கு 2011க்குள் நாடு முழுக்க வந்துவிட்டது. அதற்கு முன்னால் பிறந்த எங்க பெரியம்மாக்களுக்கு?

நான் பள்ளிக்கூடம் போன காலத்தில் சுவரெல்லாம் ‘புள்ளிராஜாவுக்கு எய்ட்ஸ் வருமா?’ என்று எழுதியிருந்தது. ஊரே அதைப் பற்றிப் பேசியது. ஹெபடைடிஸ் பி-க்கு ஒரு புள்ளிராஜா வரவில்லையே, ஏன்? அதில் படுக்கையறைக் கதை பெரிதாக இல்லை, ஒழுக்கப் பாடம் நடத்த முடியாது. இந்தச் சமூகம் பயத்தைக்கூடக் கிருமியின் வீரியத்தைப் பார்த்துப் பங்கு போடவில்லை, ஒழுக்கத்தைப் பார்த்துத்தான் பங்கு போட்டது. தமிழில் எய்ட்ஸுக்கு ‘உயிர்க்கொல்லி’ என்று அடைமொழி வைத்தார்கள். 2004 ஏப்ரலிலிருந்து அரசு ஆஸ்பத்திரியில் இலவசமாகக் கூட்டு மருந்து கிடைக்கிறது, ஒழுங்காகச் சாப்பிட்டால் சராசரி ஆயுசு வாழலாம். அடைமொழி இன்னும் மாறவில்லை.

கர்ப்பிணிகள் விஷயத்தையும் இதோடு சேர்த்துச் சொல்லிவிடுகிறேன். ஊரில் எல்லாப் பெண்ணையும் மாசமானதும் எச்.ஐ.வி.க்குச் சோதிக்கிறார்கள். பிள்ளைக்குத் தொற்றாமல் தடுக்க அது அவசியம், பலன் கொடுத்த வேலை. ஆனால் புருசன் சோதனைக்கு வருவதில்லை. வீட்டில் முதலில் தெரிய வருவது அவளுக்கு. முதலில் தெரிந்தவள்தான் கொண்டு வந்தவள் என்று மாமியார் கணக்குப் போடுகிறாள்.

விதிகளைப் பார்ப்போம். மருத்துவக் கழிவு பற்றிய 2016ஆம் ஆண்டு விதிகள், ஆஸ்பத்திரிக் கழிவைக் கையாளுகிற எல்லாருக்கும் ஹெபடைடிஸ் பி, டெட்டனஸ் தடுப்பூசி போட வேண்டும், வருசத்துக்கு ஒருமுறை உடல் பரிசோதனை செய்ய வேண்டும் என்கின்றன. நல்லது. அதே ஊசி சர்க்கரைக்காரர் வீட்டிலிருந்தோ, சின்னக் கிளினிக்கின் பின்வாசலிலிருந்தோ நகராட்சிக் குப்பைக்கு வந்துவிட்டால்? அதே 2016இல் வந்த திடக்கழிவு விதிகள் அதற்கு ‘வீட்டு அபாயக் கழிவு’ என்று பேர் கொடுத்து, தனியாகப் பிரித்துக் கொடுப்பது வீட்டுக்காரர் கடமை என்றன. கடமை எப்படி நடக்கிறது என்று பெரியம்மாவின் விரலைப் பார்த்தால் தெரியும். ஒரே ஊசிதான். ஆஸ்பத்திரி வாசலுக்கு உள்ளே குத்தினால் தொழில் விபத்து, வெளியே குத்தினால் அவள் தலையெழுத்து.

எச்.ஐ.வி. சட்டத்தின் 19ஆவது பிரிவை வழக்கறிஞர் தோழர்கள் எடுத்துப் படிக்க வேண்டும். மருத்துவ நிறுவனங்கள் மட்டும் என்று அது நிறுத்திக்கொள்ளவில்லை. வேலையின் காரணமாகத் தொற்று அபாயம் குறிப்பிடத்தக்க அளவில் உள்ள மற்ற நிறுவனங்களும் பாதுகாப்புச் சாதனம் தர வேண்டும், பயிற்சி தர வேண்டும், குத்துப்பட்டால் அந்தத் தடுப்பு மாத்திரை தர வேண்டும் என்கிறது. நகராட்சி அந்த ‘மற்ற நிறுவனம்’ இல்லையென்றால் வேறு எது? என் வாசிப்பில் வரும். ஸ்டாஃபுக்குத்தான் மாத்திரை என்று அன்றைக்குச் சொன்னது அந்த வாசிப்பில் சட்டத்துக்கு விரோதம்.

2025 ஆகஸ்டில் சென்னை ரிப்பன் மாளிகை வாசலில் தூய்மைப் பணியாளர்கள் 13 நாள் உட்கார்ந்தார்கள். தனியாருக்குக் கொடுக்காதே, பணி நிரந்தரம் செய் என்றார்கள். நடு ராத்திரியில் அள்ளிக்கொண்டு போனது போலீஸ். மறுநாள் அமைச்சரவை கூடிக் காலைச் சாப்பாடு, காப்பீடு, தொழில்சார் நோய்களுக்குத் தனித் திட்டம் என்று அறிவித்தது. நான் படித்த அறிவிப்பில் நுரையீரலும் தோலும் இருந்தன. ஊசிக்குத்து இல்லை. கேட்டது நிரந்தரம், கிடைத்தது டிபன் என்று ஒரு தோழர் சொன்னார். நோயும் இந்த நிரந்தரத்தோடு சம்பந்தப்பட்டதுதான் என்பதைக் கடைசியில் சொல்கிறேன்.

இப்போது நம்ம ஆட்கள். ஓர் அரங்கக் கூட்டத்தில் இதைப் பேசியபோது ஒரு மூத்த தோழர் எழுந்தார். “தம்பி, பீ அள்ளுறவன்னு ஏற்கனவே ஒதுக்குறான். இப்ப நீ போயி எங்களுக்கு எய்ட்ஸ் சோதனை வையின்னு கேட்டா, அந்தப் பேரையும் நம்ம கழுத்துல மாட்டிருவான். டீக்கடையில பிளாஸ்டிக் கப்பக்கூட குடுக்க மாட்டான்.” கைதட்டினார்கள். அவர் பயப்படுவது நியாயம். மேலே சொன்ன வரலாறு முழுக்க அவர் பக்கம்தான் சாட்சி சொல்கிறது. இன்னொரு நண்பர் ஃபூக்கோவைத் தூக்கிக்கொண்டு வந்தார். உடலைக் கண்காணிக்கும் அதிகாரத்துக்கு நாமே உடலைக் கொடுப்பதா என்றார். நண்பரே, எங்க உடம்பை எவன் கண்காணித்தான்? 2024இல் ஒன்றிய அரசு சாக்கடை, கழிவுத் தொட்டி இறங்குகிறவர்களில் 38,000 பேரைக் கணக்கெடுத்தது. 69 சதவீதம் பட்டியல் சாதியார். அவர்கள் சாதியை எண்ணத் தெரிந்திருக்கிறது. அவர்கள் ஈரலை எண்ண வேண்டும் என்று தோன்றவில்லை. நம்மைப் பார்ப்பதும் அதிகாரம்தான், பார்க்காமல் தாண்டிப் போவதும் அதிகாரம்தான். நம்முடைய சாவு இரண்டாவதில் அதிகம் நடக்கிறது.

மூத்த தோழருக்கு நான் சொல்வது இது. பேர் ஏற்கனவே மாட்டியாகிவிட்டது, நோய்க்கு மட்டும் பேர் வைக்காமல் இருக்கிறோம். வெளிநாட்டில் இந்த விஷயத்தை எப்படி மாற்றினார்கள் என்று பாருங்கள். அமெரிக்காவிலும் முதலில் ‘ஆபத்தான குழுக்கள்’ பட்டியல்தான் இருந்தது. பட்டியலில் உள்ளவர்கள் பேர் கெட்டது, பட்டியலில் இல்லாதவர்கள் தெரியாமல் செத்தார்கள். 2006இல் அவர்களுடைய நோய்க் கட்டுப்பாட்டு மையம் 13 வயசிலிருந்து 64 வயசு வரை எல்லாருக்கும் வழக்கமான ரத்தச் சோதனையோடு எச்.ஐ.வி.யையும் சேர்க்கச் சொன்னது, வேண்டாம் என்கிறவர் மறுக்கலாம் என்றது. 2023இல் 18 வயசு தாண்டிய எல்லாரும் வாழ்நாளில் ஒருமுறையாவது ஹெபடைடிஸ் பி சோதனை செய்துகொள்ள வேண்டும் என்றது. படிவம் வயசைத்தான் கேட்டது, யோக்கியதையைக் கேட்கவில்லை. அமெரிக்காவில் நடப்பதெல்லாம் நியாயம் என்று நான் சொல்ல வரவில்லை, அங்கே கறுப்பர்களைக் கேட்டால் வேறு கதை சொல்வார்கள். கேள்வியை மாற்ற முடியும் என்பதற்குச் சாட்சியாக மட்டும் சொல்கிறேன். தமிழ்நாட்டில் 2021 ஆகஸ்டில் தொடங்கிய மக்களைத் தேடி மருத்துவத்தில் சர்க்கரையும் ரத்த அழுத்தமும் பார்க்க வீட்டுக்கே வந்தார்கள். யாரும் பெரியம்மாவின் ஒழுக்கத்தை விசாரிக்கவில்லை. அது கதவைத் திறந்துவிட்டது.

ஆகவே எங்க தெருவில் நாங்கள் மனு எழுதியபோது எச்.ஐ.வி. சோதனையை முதலில் வைக்கவில்லை. முதலில் தடுப்பூசி, ஒப்பந்தக்காரர் யாராக இருந்தாலும் நகராட்சி செலவில். அடுத்தது ஊசி கேட்காத கையுறையும், வண்டிக்கு ஒன்றாக மூடி போட்ட ஊசிப் பெட்டியும். குத்துப்பட்டால் சோப்புப் போட்டு ஓடுகிற தண்ணியில் கழுவி, பிதுக்காமல், சுண்ணாம்பு வைக்காமல், அந்த நேரமே ஆஸ்பத்திரி. அன்றைக்கும் மாத்திரை சாப்பிடுகிற 28 நாளில் முடியாமல் போகிற நாளுக்கும் கூலி. மேஸ்திரியின் நோட்டில் குத்துப்பட்ட தேதி, நேரம். அதற்குப் பிறகு சோதனை: எச்.ஐ.வி., ஹெபடைடிஸ் பி, சி மூன்றுக்கும், விரும்புகிறவர்களுக்கு. முடிவு சோதித்துக்கொண்டவர் கையில், மூடிய உறையில். மேஸ்திரி கையிலோ ஒப்பந்தக்காரர் கையிலோ போகக் கூடாது. இந்தக் கடைசி வரியை எழுதச் சொன்னது பெரியம்மா. கைநாட்டு வைப்பதற்கு முன்னால் அதை மூன்று தடவை வாசிக்கச் சொல்லிக் கேட்டது.

நகராட்சி, இது சுகாதாரத் துறை விஷயம் என்று பதில் எழுதியது. சுகாதாரத் துறை, பணியாளர்கள் நகராட்சியினுடையவர்கள் என்றது. ஐந்து மாதம் அலைந்து, ஒரு முகாம் போட்டார்கள். வந்த அத்தனை பேரும் கையை நீட்டினார்கள், ஒருத்தரும் ஓடவில்லை, ‘விழிப்புணர்வு’ எங்கிருந்தோ வந்துவிட்டது போல. முதல் ஊசி போட்டார்கள். அடுத்த மாதம் இரண்டாவது. ஆறாவது மாதம் மூன்றாவது ஊசி போட வேண்டும். அதற்குள் ஒப்பந்தம் முடிந்து வேறு நிறுவனம் வந்தது. புதுப் பட்டியலில் எங்க தெருவில் ஒன்பது பேருடைய பேர் இல்லை, பெரியம்மாவையும் சேர்த்து. பணியில் இல்லாதவர்களுக்குப் பணியாளர் முகாமில் ஊசி போட முடியாது என்கிறார்கள். அது இப்போது ஒரு கல்யாண மண்டபத்தில் எச்சில் இலை எடுக்கப் போகிறது. மூன்றாவது ஊசியை எங்கே, யார் கணக்கில் போடுவது என்று எழுத்தில் பதில் கேட்டு இரண்டாவது மனுவைக் கொடுத்திருக்கிறோம்.